டான்ஸ்ஹால் நடனம்: அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

ஜமைக்காவின் டான்ஸ்ஹால் நடனத்தை யூடியூபிலோ இன்ஸ்டாகிராமிலோ பார்த்துவிட்டு, அதன் பின்னணியைத் தெரிந்துகொள்ள விரும்புவோர் வழக்கமாகக் கேட்கும் கேள்விகளுக்கு இங்கே விடையளிக்கப்பட்டுள்ளது. தமிழில் கிடைக்கும் ஒருசில அறிமுகங்களும் பாடகர்களைப் பற்றிப் பேசியதோடு நின்றுவிடுகின்றன. அந்த அசைவுகளை உருவாக்கியவர்களும் பெயர் சொல்லி நினைக்கப்பட வேண்டியவர்கள் என்பதால், இந்தப் பக்கத்தில் அவர்களுக்கே முதலிடம் தரப்பட்டிருக்கிறது.

டான்ஸ்ஹால் என்பது இசையின் பெயரா, நடனத்தின் பெயரா?

முதலில் அது ஓர் இடத்தின் பெயர். கிங்ஸ்டன் நகரின் மேற்குப் பகுதியில், தகர வேலி அடைத்த திறந்தவெளி முற்றங்களிலும் சங்கக் கட்டடங்களின் கூடங்களிலும் ஏழை மக்கள் இரவில் கூடி ஆடினார்கள். ஃபாரஸ்டர்ஸ் ஹால், சோகோமோ லான் போன்ற இடங்கள் இந்த ஆட்டங்களுக்குப் பேர்போனவை. 1970-களின் இறுதியில், அந்தக் கூட்டத்துக்கென்றே உருவான ஒரு புதிய இசைவகை தலையெடுத்தபோது அதற்கும் அந்த இடத்தின் பெயரே நிலைத்துவிட்டது. இன்று கிங்ஸ்டனில் ஒருவர் டான்ஸ்ஹால் என்று சொன்னால், இசை, ஆட்டம், உடை, தலைமுடி அலங்காரம், பேச்சு வழக்கு எல்லாவற்றையும் சேர்த்தே சொல்கிறார். பாடலை மட்டும் தனியே எடுத்துக் கேட்டவர் அதில் பாதியைத்தான் கேட்டிருக்கிறார் என்பது என் கருத்து.

சவுண்ட் சிஸ்டம் என்று அடிக்கடி சொல்கிறார்களே, அது என்ன?

ஒலிபெருக்கிகளும் அவற்றை இயக்கும் ஆட்களும் சேர்ந்த நடமாடும் குழுவுக்கு அந்தப் பெயர். 1940-களின் இறுதியில் கிங்ஸ்டனில் நேரடி இசைக்குழுக்கள் ஹோட்டல்களிலும் வசதி படைத்தோரின் கிளப்புகளிலும் வாசித்தன. துறைமுகக் கூலித் தொழிலாளிக்கும் வீட்டுவேலை செய்யும் பெண்ணுக்கும் அங்கே நுழைவு இல்லை. அவர்களுக்காகத் தெருமுனையில் இசைத்தட்டு சுழற்ற முன்வந்தவர்களில் ஒருவர் டாம் வோங் என்ற இரும்புக்கடைக்காரர். டாம் தி கிரேட் செபாஸ்டியன் என்பது அவருடைய சவுண்ட் சிஸ்டத்தின் பெயர். இரண்டாம் உலகப் போரில் பிரிட்டிஷ் விமானப் படையில் ராடார் நுட்பம் கற்றுத் திரும்பிய ஹெட்லி ஜோன்ஸ் அவருக்கு ஆம்ப்ளிஃபயர் செய்து கொடுத்தார். பேஸ் எனப்படும் தாழ்ந்த ஒலியையும் உச்ச ஒலியையும் பிரித்து, ஒவ்வொன்றையும் தனித்தனியே பெருக்கும்படி ஜோன்ஸ் அதை அமைத்தது பெரிய திருப்பம். 1950-களில் டியூக் ரீடும் காக்ஸன் டாடும் அந்த வழியிலேயே ஆளுயரப் பெட்டிகளை அடுக்கிப் போட்டியிட்டார்கள்.

நடனத்தைப் புரிந்துகொள்ள இந்தத் தொழில்நுட்பச் செய்தி மிகவும் தேவை. பெட்டிக்கு முன்னால் நிற்பவருக்குப் பேஸ் ஒலி காதில் விழுவதற்கு முன்பே நெஞ்சுக்கூட்டிலும் வயிற்றிலும் இறங்குகிறது. கால்சட்டைத் துணிகூட அதிர்கிறது. டான்ஸ்ஹால் அசைவுகள் பெரும்பாலும் இடுப்பிலிருந்தும் முழங்காலிலிருந்தும் புறப்படுவதற்கு வேறு காரணங்களும் உண்டு என்றாலும், ஒலி முதலில் உடம்பில் எங்கே படுகிறதோ அங்கிருந்தே ஆட்டம் தொடங்குவது இயல்புதான்.

ரெக்கேக்கும் டான்ஸ்ஹாலுக்கும் என்ன வேறுபாடு?

டான்ஸ்ஹால் ரெக்கேயின் வயிற்றில் பிறந்த பிள்ளை. பாப் மார்லி காலத்து ரெக்கே, ஜமைக்காவில் தோன்றிய ராஸ்தஃபாரி என்ற சமய நம்பிக்கையையும் ஆப்பிரிக்காவுக்குத் திரும்பும் கனவையும் பாடி உலகெங்கும் பரவியது. ஆனால் 1980-ஆம் ஆண்டுத் தேர்தலையொட்டி ஜமைக்காவில் நடந்த அரசியல் வன்முறையில் 800-க்கும் மேற்பட்டோர் கொல்லப்பட்டார்கள். மேற்குக் கிங்ஸ்டனின் குடியிருப்புகள் கட்சிவாரியாகப் பிரிந்து, ஒரு தெருவிலிருந்து அடுத்த தெருவுக்குப் போவதே ஆபத்து என்ற நிலை வந்தது. அந்தச் சூழலில் வளர்ந்த தலைமுறை தொலைதூர மீட்சியை விட்டுவிட்டு, இன்றிரவைப் பற்றிப் பாடத் தொடங்கியது. காமம், பணம், துப்பாக்கி, பகை, பக்கத்து வீட்டுச் சச்சரவு, புதிய செருப்பு, புதிய நடனம் என்று எல்லாம் பாடுபொருளாயின. இதைச் சீரழிவு என்று பலர் எழுதினார்கள். எனக்கு அது, தங்களைப் பற்றிப் பிறர் எழுதுவதற்குக் காத்திராமல் தாங்களே பேசத் தொடங்கிய மக்களின் குரலாகவே படுகிறது.

இசையளவில் பெரிய உடைப்பு 1985-இல் நிகழ்ந்தது. காசியோ நிறுவனத்தின் எம்டி-40 என்ற சிறிய கீபோர்டில், ஒரு பொத்தானை அழுத்தினால் தானாக ஒலிக்கும் 'ராக்' தாளம் ஒன்று இருந்தது. அதை அமைத்தவர் ஒகுதா ஹிரோகோ என்ற ஜப்பானியப் பெண். நோயல் டேவி, வெய்ன் ஸ்மித் என்ற இரு இளைஞர்கள் அந்தத் தாளத்தைக் கண்டுபிடித்து, வாட்டர்ஹவுஸ் பகுதியில் ஸ்டுடியோ வைத்திருந்த கிங் ஜாமியிடம் கொண்டுபோனார்கள். ஜாமி அதன் வேகத்தைக் குறைத்தார். ஸ்லெங் டெங் என்ற பின்னணி இசை பிறந்தது. அந்த ஆண்டு பிப்ரவரியில் வால்தம் பார்க் சாலையில் பிளாக் ஸ்கார்பியோ என்ற சவுண்டோடு நடந்த போட்டியில் ஜாமி அதை ஒலிக்கவிட்டபோது எதிரணியால் ஈடுகொடுக்க முடியவில்லை. வாத்தியக்காரர்களை வாடகைக்கு அமர்த்தாமலேயே இசை செய்யலாம் என்று தெரிந்துவிட்ட பிறகு, மின்னணுத் தாளமே டான்ஸ்ஹாலின் முதுகெலும்பாயிற்று.

ரிதிம் என்றால் என்ன? ஒரே மெட்டில் பலர் பாடுவது திருட்டாகாதா?

ஆகாது. ரிதிம் என்பது பேஸும் தாளமும் சேர்ந்த பின்னணிப் பாதை. தயாரிப்பாளர் ஒரு ரிதிமை உருவாக்கிப் பெயரிட்டுப் பத்து, இருபது பாடகர்களிடம் கொடுப்பார். ஒவ்வொருவரும் அதன்மேல் தம் சொந்த வரிகளையும் சொந்த மெட்டையும் ஏற்றுவார்கள். ஸ்டீவன் லென்கி மார்ஸ்டன் உருவாக்கிய ரிதிம் ஒன்றுக்குத் தீவாளி என்றே பெயர்; ஷான் பால் 2003-இல் உலகெங்கும் பரப்பிய பாடலும் வெய்ன் வொண்டரின் புகழ்பெற்ற பாடலும் அந்த ஒரே ரிதிமின்மேல் அமைந்தவை.

ஆடுபவருக்கு இந்த முறையால் பெரிய வசதி உண்டு. பாட்டு மாறிக்கொண்டே இருக்கும், அடித்தளம் மாறாது. எனவே உடல் தாளத்திலிருந்து விலகாமலேயே கால்மணி நேரம்கூடத் தொடர்ந்து ஆடலாம். பெரும்பாலான ரிதிம்களில் எட்டு நுண்தட்டுகள் மூன்று, மூன்று, இரண்டு என்று பிரியும். கையால் மேசையில் தட்டிப் பார்த்தால் அந்தக் கடைசி இரண்டு சற்று முந்திக்கொண்டு வருவது போலத் தோன்றும். இடுப்பு வெட்டு விழும் இடம் அதுதான்.

டீஜே என்பவர் இசைத்தட்டு போடுபவர்தானே?

ஜமைக்காவில் இல்லை. தட்டு போடுபவரைச் செலக்டர் என்பார்கள். தாளத்தின்மேல் ஜமைக்காவின் பேச்சுமொழியான பட்வாவில் வேகமாகச் சொல்லடுக்கிப் பாடுபவர்தான் டீஜே. கவுன்ட் மச்சுக்கி, யூ-ராய், யெல்லோமேன், ஷாபா ராங்ஸ், பீனி மேன், பவுன்டி கில்லர் எல்லாரும் டீஜேக்களே.

ஒரு தெரு நடன இரவு எப்படி நடக்கிறது?

வாரத்தின் ஒவ்வொரு நாளுக்கும் பெயர்பெற்ற ஓர் ஆட்டம் இருப்பது கிங்ஸ்டனின் வழக்கம். 1972-இல் வீ பவ் என்ற வின்ஸ்டன் பவல் தொடங்கிய ஸ்டோன் லவ் சவுண்ட், பர்லிங்டன் அவென்யூவில் உள்ள தன் இருப்பிடத்தில் புதன்கிழமைதோறும் நடத்திய வெடி வெடி அப்படி ஒன்று. டிவோலி கார்டன்ஸ் பகுதியில் 2003-இல் தொடங்கிய பாசா பாசாவும் புதன் இரவுக்குரியதுதான்.

மாலையிலேயே பெட்டிகள் இறக்கப்பட்டுச் சாலையின் இரு பக்கமும் அடுக்கப்படும். பாதி அறுத்த எண்ணெய்ப் பீப்பாயில் கரிமூட்டிக் கோழி சுடுபவர், வறுத்த நிலக்கடலை விற்பவர், ஆட்டுத்தலையும் குடலும் போட்ட சூப்பை வாளியில் வைத்திருப்பவர் என வியாபாரிகள் ஒவ்வொருவராக வந்து இடம்பிடிப்பார்கள். நள்ளிரவு வரை செலக்டர் பழைய பாடல்களையும் அமெரிக்க மெல்லிசையையும் போட்டுக்கொண்டிருப்பார். யாரும் ஆடமாட்டார்கள், சுவரில் சாய்ந்து நிற்பார்கள். இரண்டு மணிக்குப் பிறகுதான் நடனக் குழுக்கள் வரத் தொடங்கும். ஒரு குழு நடுவில் இறங்கி வரிசையாக நின்று ஒரே அசைவை ஆட, எதிர்க்குழு அதைக் கவனித்து, வேறோர் அசைவால் பதில் சொல்லும். பாட்டின் முதல் சில நொடிகளிலேயே கூட்டம் கையை உயர்த்திக் கத்தினால், செலக்டர் தட்டைப் பின்னுக்கு இழுத்து மறுபடியும் முதலிலிருந்து போடுவார். புல் அப் என்பது அதன் பெயர். பாடலுக்குக் கிடைக்கும் மிகப் பெரிய மரியாதை அது.

விளக்கு கட்டிய கேமராவோடு ஒருவர் கூட்டத்துக்குள் நுழைந்ததும் ஆட்டத்தின் நிலையே மாறிவிடும். அந்த வெள்ளை ஒளி யார்மேல் படுகிறதோ அவர் அன்றிரவின் நாயகர். பகலில் பேருந்து நிறுத்தத்தில் காய்கறி விற்கும் பெண்ணைப் பாரிஸிலும் டோக்கியோவிலும் உள்ளவர்கள் டிவிடியில் பார்ப்பதற்கு அந்த ஒளிதான் வழி செய்தது. விடியும்போது பள்ளிச் சீருடைப் பிள்ளைகள் அதே சாலையில் நடந்து போவதும், பெட்டிகள் வண்டியில் ஏற்றப்படுவதும் ஒன்றாக நடக்கும்.

இந்த அசைவுகளை யார் உருவாக்குகிறார்கள்?

இந்தப் பக்கத்தின் மிக முக்கியமான கேள்வி இதுதான். டான்ஸ்ஹால் அசைவு ஒவ்வொன்றுக்கும் ஒரு பெயர் உண்டு, பெரும்பாலும் அதை உருவாக்கியவர் ஒருவரும் உண்டு. அவர்களுள் தலையாயவர் ஜெரால்ட் லெவி. போகில் என்றாலே எல்லாருக்கும் தெரியும். மிஸ்டர் வாக்கி என்பது இன்னொரு பெயர். பிளாக் ரோஸஸ் குழுவைச் சேர்ந்தவர். 1990-களின் தொடக்கத்தில் அவர் பெயராலேயே வழங்கிய நடனத்தில், முழங்கால் தளர்ந்து, உடல் அடியிலிருந்து மேலாக அலைபோல் பின்னுக்கு வளைய, இரு கைகளும் அந்த அலையோடு ஏறி இறங்கும். பார்வைக்கு எளிது. ஆடிப் பார்த்தால், அலையை எந்த இடத்திலும் உடையவிடாமல் தலைவரை கொண்டுபோவது எவ்வளவு கடினம் என்று தெரியும். 1992-இல் டீஜே புஜு பான்டன் அந்த நடனத்தைப் பற்றியே பாடினார். 1865-இல் மோரன்ட் பே எழுச்சியை நடத்தித் தூக்கிலிடப்பட்ட தேசிய வீரர் பால் போகிலின் பெயரும் அதுதான் என்பதால், ஜமைக்கர்களின் காதில் அந்தப் பெயருக்குக் கூடுதல் கனம் இருந்தது.

வில்லி பவுன்ஸ், லாக் ஆன் எனப் போகில் அடுத்தடுத்து அசைவுகளைத் தந்துகொண்டேயிருந்தார். எலிஃபன்ட் மேன் போன்ற டீஜேக்கள் அசைவுகளின் பெயர்களை வரிசையாக அழைத்து, எப்படி ஆடுவது என்பதையும் பாட்டிலேயே சொல்லிக்கொடுத்தார்கள். இந்த இடத்தில் இசைக்கும் நடனத்துக்கும் உள்ள உறவு தலைகீழாகிறது: முதலில் தெருவில் அசைவு பிறக்கிறது, அதற்குப் பிறகு பாட்டு எழுதப்படுகிறது. 2005 ஜனவரியில் கிங்ஸ்டனில் போகில் சுட்டுக் கொல்லப்பட்டார். பாடலுக்கு ராயல்டி வரும், அசைவுக்கு வராது. தனி அசைவைக் காக்கும் பதிப்புரிமை பெரும்பாலான நாடுகளில் இல்லாததால், உலகமே ஆடிய அசைவுகளை உருவாக்கியவர்களுக்குப் பெயரைத் தவிர வேறு கூலியில்லை. அந்தப் பெயரையும் சொல்லாமல் விடுவது எனக்குப் பெரிய அநியாயமாகத் தெரிகிறது.

2008-இல் பெய்ஜிங் ஒலிம்பிக்கில் வென்ற உசைன் போல்ட் ஓடுதளத்தில் கல்லி கிரீப்பர் என்ற அசைவை ஆடியதைப் பல கோடிப் பேர் பார்த்தார்கள். அதை உருவாக்கியவர் ஐஸ் என்ற கிங்ஸ்டன் தெரு நடனக் கலைஞர். போல்ட்டின் பெயர் அறிந்தவர்களில் ஐஸின் பெயரை அறிந்தவர் எத்தனை பேர்?

இந்த நடனத்தின் வேர்கள் எங்கே இருக்கின்றன?

அடிமை ஒழிப்புக்குப் பிறகு, 19-ஆம் நூற்றாண்டின் நடுவில், மத்திய ஆப்பிரிக்காவிலிருந்து ஒப்பந்தக் கூலிகளாகக் கொண்டுவரப்பட்டவர்கள் செயின்ட் தாமஸ் பகுதியில் வளர்த்த குமினா வழிபாட்டைப் பார்த்தவர்களுக்கு இந்தக் கேள்வியே எழாது. குமினாவில் மத்தளத்தைத் தரையில் படுக்கவைத்து, வாசிப்பவர் அதன்மேல் ஏறி உட்கார்ந்து, குதிகாலைத் தோலில் அழுத்திச் சுருதியை மாற்றுவார். ஆடுபவர்கள் பாதத்தை முழுதாகத் தரையில் பதித்து, அங்குலம் அங்குலமாக நகர்ந்தபடி, இடுப்பைச் சுழற்றிக்கொண்டே அவரைச் சுற்றி வருவார்கள். டிங்கி மினி என்ற சடங்கில், ஒருவர் இறந்தபின் வரும் இரவுகளில், துக்க வீட்டாரைத் தேற்றுவதற்காக இடுப்பை அசைத்து ஆடுவார்கள். சாவுக்கு எதிரில் உயிரின் பெருக்கத்தைக் காட்டுவது அதன் பொருள். இடுப்பசைவை ஆபாசம் என்று மட்டும் பார்ப்பவர்கள் இந்தச் சடங்கை மனத்தில் கொள்ள வேண்டும்.

வெஸ்ட் இண்டீஸ் பல்கலைக்கழகத்தின் ஆய்வாளர் சோன்யா ஸ்டான்லி நயா, அடிமைக் கப்பலின் நெருக்கடியான தளத்திலிருந்து இன்றைய கிங்ஸ்டன் தெரு வரை ஒரே தொடர்ச்சியைக் காண்கிறார். உரிமை மறுக்கப்பட்டவர்கள் குறுகிய இடத்திலும் ஆடித் தமக்கென ஓர் இடத்தை உண்டாக்கிக்கொள்வதுதான் அந்தத் தொடர்ச்சி.

பெண்களை இந்த நடனம் இழிவுபடுத்துகிறதா?

ஜமைக்காவிலேயே நாற்பது ஆண்டுகளாக நடக்கும் விவாதம் இது. வரிகளில் பல பெண்ணை உடலாகவே பேசுகின்றன. அதை மறுப்பதில் நேர்மை இல்லை. அதே நேரம், நடனத்தளத்தில் அதிகாரம் யாரிடம் இருக்கிறது என்பதையும் பார்க்க வேண்டும். 1992-இல் முதல் டான்ஸ்ஹால் குயினாகப் புகழ்பெற்ற கார்லின் ஸ்மித் வெளுத்த நிறமுடையவர். ஆனால் அவருக்குப் பின் வந்த பட்டத்தரசிகளில் பலர் கறுத்த, பருத்த உடல்கொண்ட பெண்கள். அலுவலக வரவேற்பறையிலும் அழகிப் போட்டியிலும் புறக்கணிக்கப்பட்ட உடல் அங்கே கொண்டாடப்படுகிறது. பெண் தானே வடிவமைத்துத் தைத்த உடையில், தான் விரும்பியபடி, பெரும்பாலும் தனியாகவோ தோழியரோடோ ஆடுகிறாள். பெண் டீஜேயான லேடி சா மேடையில் ஆண் டீஜேக்களைவிட வெளிப்படையாகப் பாடி, அவர்களுடைய பெருமையைக் கேலிசெய்தார். பேராசிரியர் கரோலின் கூப்பர், ஸ்லாக்னஸ் என்று பழிக்கப்படும் இந்த வெளிப்படைத்தன்மையைப் போலி ஒழுக்கத்துக்கு எதிரான கலகமாகவே வாசித்தார். அவர் வாதத்தை நான் பெரிதும் ஏற்கிறேன். என்றாலும், 2008-ஐ ஒட்டிப் பரவிய டாகரிங் என்ற முரட்டு ஆட்டத்தில் பெண்ணுக்குக் காயம் படும் அளவுக்குப் போனதைக் கலகம் என்று சொல்ல எனக்கு மனம் வரவில்லை.

வன்முறையையும் ஒருபால் ஈர்ப்பினர் மீதான வெறுப்பையும் என்ன சொல்வது?

இரண்டும் உண்மை. 1992-இல் வெளிவந்த புஜு பான்டனின் ஒரு பாடல் ஒருபால் ஈர்ப்பு ஆண்களைச் சுடச் சொன்னது. உலகெங்கும் எதிர்ப்பு எழுந்து, 2019-இல் அவரே அதைத் தம் தொகுப்பிலிருந்து நீக்கினார். வைப்ஸ் கார்டெல், மவாடோ என்ற டீஜேக்கள் இருவரின் ரசிகர்களும் காஸா, கல்லி என இரு அணிகளாகி அடித்துக்கொண்ட பகையைத் தணிக்க, 2009 டிசம்பரில் பிரதமர் புரூஸ் கோல்டிங்கே இருவரையும் அழைத்துப் பேச வேண்டியதாயிற்று. இந்தக் கலையை நேசிப்பவர்கள் இவற்றை மூடிமறைக்கத் தேவையில்லை.

அரசு இதைத் தடைசெய்திருக்கிறதா?

முழுத் தடை இல்லை, கட்டுப்பாடுகள் பல. 1997-ஆம் ஆண்டின் ஒலிக் கட்டுப்பாட்டுச் சட்டப்படி, வார நாட்களில் நள்ளிரவிலும் வெள்ளி, சனி இரவுகளில் இரண்டு மணிக்கும் ஒலிபெருக்கியை நிறுத்த வேண்டும். ஆட்டம் சூடு பிடிப்பதே இரண்டு மணிக்குத்தான் என்று மேலே பார்த்தோம். எனவே தெரு நடனமே போலீஸின் தயவில் நடப்பதாகிவிடுகிறது. வசதியானவர்களின் விழாக்களில் இந்தச் சட்டம் இதே கடுமையோடு பாய்வதில்லை என்பது ஏழைக் குடியிருப்புகளின் நெடுநாள் குறை. 2009 பிப்ரவரியில் ஒலிபரப்பு ஆணையம் டாகரிங் பாடல்களை வானொலியிலும் தொலைக்காட்சியிலும் தடைசெய்தது. 2010 மே மாதம் அமெரிக்கா தேடிய போதைப்பொருள் கும்பல் தலைவர் கிறிஸ்டஃபர் கோக்கைப் பிடிப்பதற்காகப் பாதுகாப்புப் படைகள் டிவோலி கார்டன்ஸுக்குள் நுழைந்தபோது 70 பேர் அளவில் கொல்லப்பட்டார்கள். பாசா பாசாவின் புதன் இரவுகளும் அதோடு முடிந்தன.

வெளிநாட்டவர் இதை ஆடுவதை ஜமைக்கர்கள் விரும்புகிறார்களா?

முறையாகக் கற்றுக்கொண்டு ஆடினால் மிகவும் விரும்புகிறார்கள். 2002-இல் ஜூன்கோ குதோ என்ற ஜப்பானியப் பெண் ஜமைக்காவில் நடந்த டான்ஸ்ஹால் குயின் போட்டியில் உள்ளூர்ப் பெண்களை வென்று பட்டம் பெற்றார். கூட்டம் அவரைத் தோளில் தூக்காத குறையாக ஏற்றுக்கொண்டது. இன்று ரஷ்யா, போலந்து, பிரான்ஸ் என்று பல நாடுகளிலிருந்தும் மாணவர்கள் கிங்ஸ்டனுக்கு வந்து கட்டணம் கொடுத்துக் கற்கிறார்கள். தெரு நடனக் கலைஞர்கள் பலருக்கு அந்தக் கட்டணம்தான் நிலையான வருமானம். அசைவை எடுத்துக்கொண்டு, பெயரை மாற்றி, 'ஆஃப்ரோ' என்றோ 'ஹிப் ஹாப்' என்றோ விற்பதைத்தான் அவர்கள் வெறுக்கிறார்கள்.

தமிழர்களுக்கும் இதற்கும் ஏதேனும் தொடர்பு உண்டா?

சிறிய, ஆனால் உண்மையான தொடர்புகள் உண்டு. பர்மிங்காமில் ஜமைக்கர்களோடு வளர்ந்த பஞ்சாபிப் பாடகர் அப்பாச்சி இந்தியன், 1996-இல் ஏ. ஆர். ரஹ்மான் இசையில் 'லவ் பேர்ட்ஸ்' படத்துக்காக ஒரு பாடல் பாடி, பிரபுதேவாவோடு திரையிலும் வந்தார். அன்று அதைக் கேட்ட நம்மில் பலருக்கு, அது கிங்ஸ்டன் டீஜேயின் உச்சரிப்பு என்று தெரியாது. லண்டனில் வளர்ந்த ஈழத் தமிழ்ப் பெண்ணான எம்.ஐ.ஏ. என்ற பாடகி மாயா அருள்பிரகாசம் 2003-இல் வெளியிட்ட முதல் பாடலின் தலைப்பான 'கலாங்' ஒரு பட்வாச் சொல். அகதிக் குடும்பங்களின் பிள்ளைகள் ஜமைக்கப் பிள்ளைகளோடு ஒரே நகரத்தில் வளர்ந்ததன் தடயம் அந்தச் சொல்லில் இருக்கிறது.

கற்றுக்கொள்ள விரும்பினால் எங்கிருந்து தொடங்குவது?

வேகமான புதிய அசைவுகளிலிருந்து தொடங்க வேண்டாம். பாதங்களைத் தோளகலத்தில் முழுதாகத் தரையில் பதித்து, முழங்காலை மடக்கி, உடல் எடையைக் கீழே இறக்கி, ஸ்லெங் டெங்கைப் போட்டுவிட்டு, பத்து நிமிடம் இடம் பெயராமல் வெறுமனே முழங்காலால் தாளம் பிடித்துப் பழகுங்கள். தொடை வலிக்கும், அது சரியாக நிற்கிறீர்கள் என்பதற்கு அடையாளம். பிறகு போகில், பட்டர்ஃபிளை என்ற பழைய இரண்டையும், அவற்றைத் தெருவில் ஆடியவர்களின் பழைய காணொளிகளிலிருந்தே கற்றுக்கொள்ளுங்கள். கற்ற அசைவை ஆடிப் பதிவேற்றும்போது அதன் பெயரையும், அதைத் தந்தவரின் பெயரையும் முதல் வரியில் எழுதுங்கள்.